பி-612 என்கிற நட்சத்திரமும் ஒரு குமாஸ்தாவும்

கோடை விடுமுறைக்கு மகள் வயிற்றுப் பேரன் வல்லத்துக்கு வந்திருந்தான். சென்னையில் வளரும் பிள்ளை. பகலெல்லாம் வெயிலைத் திட்டிக்கொண்டே இருப்பான். ராத்திரி சாப்பாடு முடிந்து மொட்டை மாடியில் பாய் விரித்ததும் அவனுக்கு ஊர் பிடித்துப்போய்விடும். ஒருநாள் பத்து மணிவாக்கில் கரண்ட் போயிற்று. தெரு விளக்கு, செல்போன் கோபுர விளக்கு எல்லாம் அணைந்ததும் வானம் நிறைய நட்சத்திரம். பையன் எழுந்து உட்கார்ந்துவிட்டான்.

அவன் கைப்பேசியில் ஒரு செயலி இருக்கிறது. வானத்துக்கு நேரே பிடித்தால் நட்சத்திரத்தின் பெயரைச் சொல்லிவிடும். “தாத்தா, உங்களுக்குப் பிடிச்ச ஸ்டார் பேரைச் சொல்லுங்க, நான் கண்டுபிடிச்சுக் காட்டறேன்” என்றான்.

நான் யோசிக்கவே இல்லை. “பி-612” என்றேன்.

அவன் தட்டிப் பார்த்தான். திரும்பவும் தட்டினான். “அப்படி ஒண்ணு இல்லையே தாத்தா. இது நிஜ ஸ்டாரா, பொய் ஸ்டாரா?” என்று கேட்டான்.

அறுபது வருஷத்துக்கு முன்னால் நானும் ஒருவரிடம் இதே கேள்வியைக் கேட்டேன். அந்தக் கதையையும், அதிலிருந்து கிளம்பி நான் போய் முட்டிக்கொண்ட வேறொரு விஷயத்தையும் இன்று எழுதுகிறேன். இரண்டாவது விஷயத்தை இதுவரை எழுதத் துணிந்ததில்லை.

* * *

ஆறு வயதில் என்னைப் படிக்கவைக்கப் புதுச்சேரியில் இருந்த மாமா வீட்டுக்கு அனுப்பினார்கள். மாமா சொல்தா. பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்து சைகோன் வரை போய்வந்து பென்ஷன் வாங்கிக்கொண்டிருந்தவர். வீட்டில் லுங்கியும் பனியனும்தான். பென்ஷன் வாங்கும் நாளில் மட்டும் கோட்டு, பதக்கம், தொப்பி. அன்றைக்குத் தெருவில் எல்லாரும் எழுந்து நின்று வழிவிடுவார்கள். மறுநாள் அதே மனுஷன் கருவாடு வாங்கக் கடைக்குப் போனால் யாரும் திரும்பிக்கூடப் பார்க்கமாட்டார்கள்.

அவர்தான் என்னைப் பிரெஞ்சு மொழியில் பாடம் நடக்கும் பள்ளியில் சேர்த்தார். புதுச்சேரி 1954 நவம்பரிலேயே இந்தியாவின் கைக்கு வந்துவிட்டது. சட்டப்படி ஒப்படைத்தது 1962 ஆகஸ்ட் 16-ம் தேதி. அதற்கு மறுவருஷம், எனக்குப் பன்னிரண்டு வயதில், எங்கள் முஸ்யே ஒருநாள் ‘திக்தே’ கொடுத்தார். அவர் வாசிக்க நாங்கள் எழுதவேண்டும். ஒரு பிழைக்கு ஒரு மார்க் போகும். அன்றைக்கு அவர் எடுத்த புத்தகம் ‘லெ பெத்தி பிரான்ஸ்’. அந்துவான் தெ சேந்த்-எக்ஸுபெரி எழுதியது. 1943-ல் நியூயார்க்கில் முதலில் வெளிவந்து, போர் முடிந்தபிறகுதான் பிரான்சில் அச்சானது. தமிழில் ‘குட்டி இளவரசன்’ என்று வெ. ஸ்ரீராமும் ச. மதனகல்யாணியும் நேரே பிரெஞ்சிலிருந்து மொழிபெயர்த்து, 1981-ல் க்ரியா வெளியிட்டது. படிக்காதவர்கள் பேரப்பிள்ளைக்கு என்று சாக்குச் சொல்லியாவது ஒரு பிரதி வாங்கிப் படியுங்கள்.

எங்களுக்கு வந்த திக்தே ஒரு துருக்கி வானியலாளரைப் பற்றியது. 1909-ல் அவர் தொலைநோக்கியில் ஒரே ஒருமுறை ஒரு குட்டிக் கிரகத்தைப் பார்க்கிறார். அதற்குப் பி-612 என்று பெயர். சர்வதேச மாநாட்டுக்குப் போய் எடுத்துச் சொல்கிறார். அவர் உடுத்தியிருந்த உடையைப் பார்த்துவிட்டு ஒருவரும் நம்பவில்லை. பதினோரு வருஷம் கழித்து 1920-ல் ஐரோப்பிய உடுப்பு மாட்டிக்கொண்டு அதே விஷயத்தைச் சொல்கிறார். எல்லாரும் ஒப்புக்கொள்கிறார்கள்.

வகுப்பு முழுக்கச் சிரித்தது. மற்றவர்கள் எதற்குச் சிரித்தார்களோ, எனக்கு மாமாவின் கோட்டு ஞாபகம் வந்துவிட்டது.

அந்தக் கதையின் பிரபஞ்சத்தைப் பாதிப்பேர் அறிந்திருப்பீர்கள். அறியாதவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்கிறேன். பி-612 ஒரு வீட்டைவிடக் கொஞ்சம்தான் பெரியது. அதில் மூன்று எரிமலைகள். இரண்டு எரிவது, ஒன்று அணைந்தது. குட்டி இளவரசன் மூன்றையும் நாம் அடுப்பைச் சாம்பல் தள்ளிச் சுத்தம் செய்வதுபோலச் சுத்தம் செய்வான். மண்ணில் பாவோபாப் மரத்தின் விதைகள் கிடக்கின்றன. செடியாக இருக்கும்போதே பிடுங்காவிட்டால் வேர்விட்டுக் கிரகத்தையே பிளந்துவிடும். பிறகு ஒரே ஒரு ரோஜாச் செடி. அதனோடு மனஸ்தாபப்பட்டுத்தான் அவன் ஊரைவிட்டுக் கிளம்புகிறான்.

அக்கம்பக்கத்தில் 325-லிருந்து 330 வரை எண்ணிட்ட ஆறு கிரகங்கள். ஒவ்வொன்றிலும் ஒரே ஓர் ஆள். ஆளுவதற்குக் குடிமக்களே இல்லாத ராஜா. புகழ்ச்சிக்கு ஏங்கும் ஒருவன். குடிக்கிற வெட்கத்தை மறக்கக் குடிக்கும் குடிகாரன். நட்சத்திரங்களை எண்ணிச் சீட்டில் எழுதிப் பெட்டியில் பூட்டி அதெல்லாம் தன் சொத்து என்று சொல்லும் வியாபாரி. நிமிஷத்துக்கு ஒருமுறை விளக்கை ஏற்றி அணைப்பவன். கடைசியாக, தடித்த புத்தகத்தோடு மேஜையைவிட்டு எழாத பூகோளக்காரர். ஏழாவதாகத்தான் நம் பூமி வருகிறது.

இந்தப் பூகோளக்காரரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் வருவார். அவர் எதையும் நேரில் போய்ப் பார்ப்பதில்லை. பார்த்துவிட்டு வருகிறவன் சொல்வதை முதலில் பென்சிலில் எழுதிக்கொள்வார். அவன் அத்தாட்சி கொண்டுவந்தால்தான் மையில் எழுதுவார். பூக்களை எழுதவேமாட்டார், அவை நிலைக்காதவையாம்.

திக்தே முடிந்ததும் நான் எழுந்து, “முஸ்யே, அந்த பே சி சான் தூஸ் நிஜமா? வானத்தில் எந்தப் பக்கம் இருக்கு?” என்று கேட்டேன். பிரெஞ்சில் பி-612-ஐ அப்படித்தான் சொல்லவேண்டும். அவர் பொய் என்று சொல்லவில்லை. “எழுதினவர் விமானி. ராத்திரியில் தனியாக விமானம் ஓட்டியவர். அவரைத்தான் கேட்கணும். 1944 ஜூலை 31-ம் தேதி கோர்சிகாவிலிருந்து கிளம்பினார், திரும்பி வரலை” என்றார். அவரது விமானத்தின் உடைந்த பாகங்கள் மார்செய் கடலடியில் கிடப்பதை 2000-ல்தான் கண்டுபிடித்தார்கள். எங்கள் முஸ்யே அதற்குள் போய்ச் சேர்ந்துவிட்டார்.

* * *

அந்த வருஷக் கோடையில் ஊருக்கு வந்தேன். அப்போது வல்லத்தில் எங்கள் தெருவுக்கு மின்சாரம் இல்லை. களத்துமேட்டில் வைக்கோல் பரப்பி ஆயாவுக்கு இந்தப் பக்கம் நானும் அந்தப் பக்கம் ஏழு வயதுத் தங்கையும் படுத்திருப்போம். புதுச்சேரியில் படிக்கிறவன் என்ற கித்தாப்பு எனக்கு. தென்கிழக்கில் சிவப்பாக ஒரு நட்சத்திரம் ஏறிக்கொண்டிருந்தது. அதைக் காட்டி, “அதுதான் பே சி சான் தூஸ். அங்கே ஒரு பையன் இருந்தான்” என்று முழுக்கதையும் சொன்னேன்.

ஆயாவுக்கு அந்தப் பெயர் வாயில் நுழையவில்லை. “இன்னாடா அது, சாந்து நட்சத்திரமா?” என்றாள். அன்றுமுதல் எங்கள் வீட்டில் அதற்குச் சாந்து நட்சத்திரம் என்றே பெயர்.

தங்கை மட்டும் ஒரு கேள்வி கேட்டாள். “அவன் இங்க வந்துட்டா அந்த ரோஜாவுக்கு யாருண்ணே தண்ணி ஊத்துவாங்க?” பதில் தெரியாமல், தூங்கு என்று அதட்டிவிட்டேன்.

நான் காட்டியது கேட்டை நட்சத்திரம். பஞ்சாங்கம் பார்க்கிறவர்களுக்குத் தெரியும், விருச்சிக ராசியில் இருப்பது. உண்மையில் அது நம் சூரியனைப்போல் பல நூறு மடங்கு குறுக்களவு உள்ள ராட்சத நட்சத்திரம். வீடு அளவு கிரகத்துக்கு நான் காட்டிய அடையாளம் அது! அதுமட்டுமல்ல, தன் நட்சத்திரம் சுட்டிக்காட்ட முடியாத அளவுக்குச் சின்னது, ஏதோ ஒன்றில் அது இருக்கிறது என்று நினைத்து எல்லாவற்றையும் பார்த்துக்கொள் என்றுதான் கதையில் குட்டி இளவரசனே சொல்கிறான். அந்தப் பக்கம் திக்தேயில் வரவில்லை. எனக்குத் தெரியாது.

* * *

பேரன் மறுநாள் காலை இணையத்தில் தேடிக்கொண்டு ஓடிவந்தான். “தாத்தா, இருக்கு! ஆனா நம்பர் வேற.” 1993-ல் ஜப்பானில் கண்டுபிடித்த ஒரு சிறுகோளுக்கு ‘பேசிஸ்தூஸ்’ என்று பெயர் வைத்திருக்கிறார்கள். வரிசை எண் 46610. கம்ப்யூட்டர்காரர்கள் பதினாறை அடிப்படையாக வைத்து எண்ணும் கணக்கில் பி என்ற எழுத்துக்கு 11 மதிப்பாம். பேரன் சொல்லச் சொல்ல நான் பென்சிலும் காகிதமும் எடுத்துக்கொண்டேன். 11-ஐ 4096-ஆல் பெருக்கினால் 45,056. 6-ஐ 256-ஆல் பெருக்கினால் 1,536. அப்புறம் ஒரு 16, ஒரு 2. கூட்டினால் 46,610. சரியாக வந்தது. குமாஸ்தாவாக இருந்தவனுக்குக் கூட்டல் சரியாக வருவதைவிடச் சந்தோஷம் ஏது?

செவ்வாய்க்கும் வியாழனுக்கும் நடுவில் இப்படிச் சிறுகோள்கள் லட்சக்கணக்கில் சுற்றுகின்றன. முதலாவதைக் கண்டது 1801 ஜனவரி 1-ம் தேதி. சீரீஸ் என்று பெயர். இந்தக் கணக்கில் நம் ஊருக்கும் பங்கு உண்டு. சென்னை வானோக்கு நிலையத்தில் இருந்த போக்சன் 1861-ல் ஒன்றைக் கண்டுபிடித்து ‘ஆசியா’ என்று பெயரிட்டார். வரிசை எண் 67. அதன்பின் நூறு வருஷத்துக்கும் மேல் கழித்து, 1988 பிப்ரவரியில் ஜவ்வாது மலைக் காவலூரில் இராஜமோகன் கண்டுபிடித்த 4130-க்கு இராமானுஜன் என்று நம் கணிதமேதையின் பெயர் கிடைத்தது.

பேரன் தூண்டிவிட்டதில் எனக்கு ஓர் ஆசை வந்தது. குட்டி இளவரசன் போன 325 முதல் 330 வரையிலான எண்களில் நிஜமாக என்ன இருக்கிறது என்று பார்க்கச் சொன்னேன். ஆறும் 1892 மார்ச் மாதம் பதிவானவை. கடைசி எண் 330, நம் பூகோளக்காரர் குடியிருக்கும் எண். அதன் பெயர் அடல்பெர்த்தா. ஜெர்மனியில் மாக்ஸ் வோல்ஃப் என்ற பெரிய வானியலாளர் பதிவு செய்தது. பதிவுக்குப் பிறகு யார் தேடியும் அகப்படவில்லை. தொண்ணூறு வருஷம் கழித்து 1982-ல் பழைய பதிவுகளைச் சரிபார்த்தபோதுதான் விஷயம் வெளிப்பட்டது. வோல்ஃப் அளந்தது சிறுகோளே அல்ல. இரண்டு நட்சத்திரங்களின் பிம்பத்தைத் தவறாக எடுத்துக்கொண்டுவிட்டார். அந்த எண்ணையும் பெயரையும் 1910-ல் அவரே கண்ட வேறொரு சிறுகோளுக்கு மாற்றிக் கொடுத்தார்கள்.

யோசித்துப் பாருங்கள். கற்பனையில் பிறந்த பி-612-க்கு இன்று வானத்தில் ஓர் இடமும் எண்ணும் இருக்கிறது. நிஜப் பதிவேட்டில் இருந்த 330 தொண்ணூறு வருஷம் கற்பனையாகவே இருந்திருக்கிறது. மையில் எழுதியதாலேயே இருந்திருக்கிறது.

* * *

இதற்கு நேர்மாறான ஒரு கதை புதுச்சேரியில் நடந்தது. லெ ழாந்தீல் என்ற பிரெஞ்சு வானியலாளர், வெள்ளிக்கிரகம் சூரியனைக் கடப்பதை அளப்பதற்காக 1760-ல் கிளம்பினார். புதுச்சேரி வந்து சேருமுன் ஊரை இங்கிலீஷ்காரர்கள் பிடித்துவிட்டார்கள். 1761 ஜூன் 6-ம் தேதி அவர் நடுக்கடலில் கப்பலில் இருந்தார். ஆடும் கப்பலிலிருந்து அளக்க முடியாது. அடுத்த கடப்பு எட்டு வருஷம் கழித்து. போகவில்லை, இந்தப் பக்கமே தங்கிவிட்டார். 1768-ல் புதுச்சேரி வந்து வானோக்கு நிலையம் கட்டிக் காத்திருந்தார். 1769 ஜூன் 4 விடியற்காலை, கடப்பு நடக்கும் நேரத்தில் மட்டும் மேகம் மூடிக்கொண்டது.

காத்திருந்த காலத்தில் அவர் ஒரு தமிழரிடம் கிரகணக் கணக்குக் கற்றுக்கொண்டார். சோழிகளைத் தரையில் வைத்து, மனப்பாடமான வாக்கியங்களைக்கொண்டு போடும் கணக்கு. அதில் ராகுவுக்கு இடம் உண்டு. ராகுவுக்கு உடம்பு கிடையாது. நிலவின் பாதை சூரியனின் பாதையை வெட்டும் புள்ளிதான் அது. கோயிலில் சிலை வைத்துக் கும்பிடுகிறோம். வானத்தில் தேடினால் கிடைக்காது. ஆனால் அந்த இல்லாத கிரகத்தைச் சேர்க்காமல் கிரகணக் கணக்கு வராது. 1765 ஆகஸ்ட் சந்திர கிரகணத்துக்கு அந்தத் தமிழ்க் கணக்கை வைத்துப் பார்த்தபோது, கிரகணம் நீடித்த நேரத்தில் 41 விநாடிதான் குறைந்தது. ஐரோப்பிய அட்டவணையில் 68 விநாடி கூடியது.

சொல்ல வந்தது அதன்பிறகு நடந்தது. பதினோரு வருஷம் கழித்து 1771-ல் லெ ழாந்தீல் பிரான்சுக்குத் திரும்பினார். அங்கே அவர் இறந்துபோனதாக முடிவு கட்டியிருந்தார்கள். வாரிசுகள் சொத்தைப் பங்கு போடத் தயாராக இருந்தார்கள். அறிவியல் அகாதெமியில் அவர் இடத்தை வேறொருவருக்குக் கொடுத்தாயிற்று. உயிரோடு நிற்கிற மனுஷன் தன் இடத்தைத் திரும்பப் பெற ராஜா வரைக்கும் போகவேண்டியிருந்தது.

இந்தக் கதையை நண்பர்கள் சிரித்துக்கொண்டே சொல்வார்கள். நான் சிரிப்பதில்லை. ராஜா வரைக்கும் போகத் தெரியாத ஒருவர் என் மேஜைக்கு முன்னால் வந்து நின்றிருக்கிறார்.

* * *

அப்பா 1967-ல் காலமானார். பிரெவே முடித்திருந்த நான் படிப்பை விட்டு ஊருக்கு வந்தேன். இங்கே பிரெவேயை யாருக்கும் தெரியாது. தனியாக எஸ்.எஸ்.எல்.சி. எழுதி, சர்வீஸ் கமிஷன் பரீட்சை எழுதி அரசு வேலையில் சேர்ந்தேன். தென்னார்க்காடு ஜில்லாவில் பல அலுவலகங்கள். நான் சொல்லப்போவது 1986-ல் நடந்தது. அலுவலகத்தின் பெயர் வேண்டாம். அதில் இருந்தவன் நான், அது போதும்.

முதியோர் உதவித்தொகைப் பதிவேடு என் பொறுப்பில் இருந்தது. மாதாமாதம் மணியார்டர் போகும். ஒருநாள் பக்கத்துக் கிராமத்திலிருந்து ஒரு கிழவி வந்து மேஜை ஓரம் நின்றாள்.

“சாமி, மூணு மாசமா பணம் வரல.”

பெயரைக் கேட்டுப் பதிவேட்டைப் புரட்டினேன். அவள் பெயருக்கு நேரே சிவப்பு மையில் ‘இறந்துவிட்டார்’ என்று இருந்தது. கீழே சுருக்கொப்பம். அதே ஊரில் அதே பெயரில் வேறொரு கிழவி இறந்திருக்கிறாள், வரி மாறிவிட்டது. பார்த்ததுமே எனக்குப் புரிந்துவிட்டது.

“ஆயா, நீ செத்துட்டேன்னு இதுல எழுதியிருக்கு” என்றேன்.

அவள் கோபப்படவில்லை. “அப்படியா சாமி? எனக்குத் தெரியாதே. காரியம் யாரு பண்ணாங்க?” என்று கேட்டாள்.

அலுவலகமே சிரித்தது. நானும் சிரித்தேன். பிறகு, கிராம நிர்வாக அலுவலரிடம் உயிரோடு இருப்பதாகச் சான்று வாங்கிவரச் சொன்னேன். பதிவேட்டின் ஓரத்தில் பென்சிலால் ‘நேரில் வந்தார். விசாரிக்கவும்’ என்று குறித்துக்கொண்டேன்.

இரண்டாம்முறை சான்றோடு வந்தாள். அதில் முத்திரை இல்லை. மூன்றாம்முறை முத்திரையோடு வந்தாள். அன்றைக்கு அதிகாரி முகாம் போயிருந்தார். நான்காம்முறை வந்தபோது காகிதத்தை வாங்கிக்கொண்டு, “அறிக்கை கேட்டு எழுதணும் ஆயா, பணம் தானா வரும், நீ போ” என்றேன். ஒவ்வொரு முறையும் அவள் நடந்தே வந்திருக்கிறாள் என்பது எனக்குத் தெரியும். காலில் ரோட்டுப் புழுதி முழங்கால்வரை இருந்தது.

பதிவேட்டைத் திருத்த எனக்கு அதிகாரம் இல்லை. அது உண்மைதான். உத்தரவு வேண்டும், அறிக்கை வேண்டும், கோப்பு நகரவேண்டும். ஆனால் அந்த நான்காம் நாள் அதிகாரி அறையில்தான் இருந்தார். என் மேஜையிலிருந்து அவர் கதவு இருபது அடி. கிழவியைக் கையோடு அழைத்துப்போய், “ஐயா, இவங்கதான் அந்த இறந்துபோனவங்க” என்று நிறுத்தியிருக்கலாம். அவர் நல்ல மனிதர். அன்றே கையெழுத்துப் போட்டிருப்பார். நான் எழுந்திருக்கவில்லை. மாதக் கடைசி, கணக்கு முடிக்கவேண்டும் என்று உட்கார்ந்திருந்தேன்.

இரண்டு மாதம் கழித்து அறிக்கை வந்து, உத்தரவும் வந்தது. சிவப்பு மையை வெட்டி, நீல மையில் ‘உயிருடன் உள்ளார், உத்தரவுப்படி சேர்க்கப்பட்டது’ என்று அழகான கையெழுத்தில் எழுதினேன். நிலுவையையும் சேர்த்து மணியார்டர் போயிற்று. பத்து நாளில் திரும்பி வந்தது. பெறுபவர் காலமானார் என்று தபால்காரர் எழுதியிருந்தார்.

திரும்பவும் சிவப்பு மைப் பேனாவை எடுத்தேன். இந்தமுறை பதிவு சரியாக இருந்தது.

யாரும் என்னைக் கேள்வி கேட்கவில்லை. கோப்பில் ஒரு தேதிகூடத் தப்பாக இல்லை. எனக்கும் அப்போது பெரிதாக ஒன்றும் தோன்றவில்லை என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன்.

இரண்டு வருஷம் கழித்துப் புதுச்சேரிக்குப் போனபோது ‘குட்டி இளவரசன்’ தமிழ்ப் புத்தகம் கண்ணில் பட்டது. என் மகளுக்கு எட்டு வயது. ராத்திரியில் சிம்னி விளக்கு வெளிச்சத்தில் அவளுக்கு வாசித்துக் காட்டுவேன். ராஜா, குடிகாரன், வியாபாரி எல்லாரும் வந்து போனார்கள். பூகோளக்காரர் வந்தார். முதலில் பென்சில், அத்தாட்சி வந்தால் மை என்ற இடத்தை வாசிக்கும்போது என் குரல் நின்றுவிட்டது.

“ஏம்பா நிறுத்திட்ட?” என்றாள் மகள்.

“எழுத்துச் சரியாத் தெரியலம்மா” என்று சொல்லி விளக்கைத் தூண்டினேன். பன்னிரண்டு வயதில் அந்தப் பூகோளக்காரரைப் பார்த்து முழு வகுப்போடு சேர்ந்து சிரித்தவன் நான். முப்பத்தைந்து வயதில் அதே மேஜையில் அவராகவே உட்கார்ந்திருந்தது அன்றைக்குத்தான் உறைத்தது. அவருக்காவது பூவை எழுதவேண்டாம் என்று விதி இருந்தது. எனக்கு அப்படி ஒரு விதியும் இல்லை.

அதன்பிறகு இருபத்தோரு வருஷம் வேலை பார்த்து 2009-ல் ஓய்வுபெற்றேன். பெரிதாக ஒன்றும் சாதிக்கவில்லை. ஒன்று மட்டும் செய்தேன். மேஜைக்கு முன்னால் யாராவது வந்து நின்றால் முதலில் முகத்தைப் பார்ப்பேன், பிறகுதான் பதிவேட்டைத் திறப்பேன். தேவைப்பட்டால் எழுந்து அந்த இருபது அடியும் நடப்பேன். சக ஊழியர்கள் கேலி செய்வார்கள். காரணத்தை யாருக்கும் சொன்னதில்லை.

இப்போது என் முறை. வருஷத்துக்கு ஒருதரம் கருவூலத்தில் நேர்காணல். நான் உயிரோடு இருக்கிறேன் என்று நானே போய் நிரூபிக்கவேண்டும். போனமுறை இயந்திரம் என் கட்டைவிரலை ஏற்கவில்லை; ரேகை தேய்ந்துவிட்டதாம். மூன்றுமுறை வைத்தும் பலனில்லை. அங்கே இருந்த பெண், என் மகள் வயதுதான் இருக்கும், இயந்திரத்தை விட்டுவிட்டு நிமிர்ந்து என் முகத்தைப் பார்த்தாள். “நீங்க உக்காருங்கய்யா, நான் உள்ள போய் சொல்லிட்டு வரேன்” என்று எழுந்து போனாள். அவள் நடந்துபோன தூரத்தை என் கண் தானாக அளந்தது.

* * *

பேரன் ஊருக்குக் கிளம்புவதற்கு முதல்நாள் ராத்திரி மறுபடி மாடியில் படுத்திருந்தோம். “46610-ஐக் கண்ணால பார்க்க முடியுமா தாத்தா?” என்று கேட்டான். முடியாது, பெரிய தொலைநோக்கி வேண்டும் என்றேன். “அப்ப நீங்க சின்ன வயசுல எதைப் பார்த்தீங்க?” என்றான். தென்கிழக்கே கேட்டை ஏறியிருந்தது. காட்டினேன். தப்பாகக் காட்டிவிட்டேன் என்ற உண்மையையும் சொன்னேன்.

அந்த நேரம் பார்த்துத் தங்கை போன் செய்தாள். புதுச்சேரியில் மகன் வீட்டில் இருக்கிறாள். கணவர் இறந்து ஏழு வருஷம் ஆகிறது. அவளிடமும் பேரனின் கண்டுபிடிப்பைச் சொன்னேன். “நம்ம சாந்து நட்சத்திரம் உண்மையில கேட்டைம்மா. பி-612-க்கு வேற நம்பர், வேற இடம்” என்றேன்.

கொஞ்சநேரம் பேச்சில்லை. பிறகு சொன்னாள். “போண்ணே. அவர் போனதிலேருந்து தூக்கம் வராத ராத்திரியெல்லாம் மாடிக்குப் போய் அதைத்தான் பார்க்கிறேன். உன் நம்பரை நீயே வச்சுக்கோ.”

சரிம்மா என்றேன். பேரன் அந்த 46610 கணக்கை என் நாட்குறிப்பில் எழுதிவைக்கச் சொல்லியிருந்தான். பென்சிலால் எழுதியது எழுதியபடியே இருக்கிறது. மையில் எழுதவில்லை. அதற்குக் கீழே, கேட்டை என்று மட்டும் எழுதிவைத்தேன்.